மயில் மேல் முடிந்த பாட்டு



ஆண்டு மலருக்கு ஏதாவது எழுதிக் கொடு என்று மாணவர் சங்கத்தில் கேட்டபோது, மோட்டார் வைண்டிங் பற்றி எழுதலாமா என்றுதான் முதலில் நினைத்தேன். அதைப் பாடப் புத்தகமே நன்றாக எழுதியிருக்கிறது. கவிதை எனக்கு வராது. கடைசியில், எங்கள் வீட்டில் அடிக்கடி பேச்சில் வரும் ஒரு மனிதரைப் பற்றியே எழுதிவிடுவது என்று முடிவு செய்தேன்.

அவர் பெயர் விஸ்வநாததாஸ். நாடக நடிகர். 1940ஆம் ஆண்டின் கடைசி நாள் ராத்திரி மேடையிலேயே உயிர் விட்டவர். நம் கம்பம் பள்ளத்தாக்குக்காரர் இல்லை. ஆனால் ரொம்பத் தூரத்து ஆளும் இல்லை. தேனியிலிருந்து ஆண்டிபட்டிக் கணவாய் தாண்டி, உசிலம்பட்டி வழியாகப் போனால் திருமங்கலம். அதுதான் அவர் வாழ்ந்த ஊர். அவர் இருந்த காலத்தில் தேனி மாவட்டம் என்று ஒன்று ஏது? எல்லாம் மதுரை ஜில்லாதான். 1996இல்தானே நம்மைப் பிரித்தார்கள்.

இவரை எனக்கு எப்படித் தெரியும் என்று முதலில் சொல்லிவிடுகிறேன்.

எங்கள் ஊர் சின்னமனூர் பக்கம். சித்திரையில் காளியம்மன் திருவிழா. மூன்றாம் நாள் ராத்திரி வள்ளி திருமணம் நாடகம். எத்தனை வருஷமானாலும் அதே நாடகம்தான். நாடகக்காரர்கள் பொழுது சாயும் முன்பே வந்து இறங்கி, பள்ளிக்கூட வராந்தாவில் பாய் விரித்துப் படுத்திருப்பார்கள். எங்க அப்பா தன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அங்கே போவார். அப்பாவுக்கு முடிதிருத்தும் தொழில். ராஜபார்ட் போடுகிறவருக்கு முகம் வழவழவென்று இருந்தால்தான் அரிதாரம் சரியாக ஒட்டும். அதனால் நாடகத்தன்று அப்பாவுக்கு அங்கே வேலை. எனக்கும் அங்கேயே வேலை. பத்தாவது பரீட்சை எழுதிய லீவிலிருந்து நான் மைக்செட் கடையில் ஒத்தாசைக்குப் போகிறேன். கூம்புக் குழாயைப் புளியமரத்தில் கட்டுவது, ஒயர் இழுப்பது, ராத்திரி முழுக்க ஆம்ப்ளிஃபயர் பக்கத்தில் உட்கார்ந்து, மைக் கூவினால் குறைப்பது. இதெல்லாம் என் பாடு.

அந்த வருஷம் ராஜபார்ட்டாக வந்தவர் வயசானவர். அப்பா அவருக்குச் சவரம் செய்துகொண்டிருந்தபோது பேச்சு வளர்ந்தது. நான் இந்த வேஷத்தை முப்பது வருஷமாகப் போடுகிறேன், ஆனால் இந்த வேஷத்துக்கு ராஜா ஒருத்தர் இருந்தார், அவர் உங்க ஆளுங்கதான், விஸ்வநாததாஸ் என்று பேர் என்றாராம் அவர். அப்பா கத்தியை எடுத்துவிட்டு அப்படியே நின்றுவிட்டார். யாராவது உங்க ஆளுங்க என்று ஆரம்பித்தால் அடுத்து என்ன வரும் என்று அப்பாவுக்குத் தெரியும். அன்றைக்கு அது வரவில்லை. வேறு ஒன்று வந்தது.

அன்று சாப்பிடும்போது இதை மூன்று தடவை சொன்னார். மூன்று தடவையும் பேரை வேறு வேறாகச் சொன்னார். நீதான் படிக்கிறியே, யாருன்னு பாத்துச் சொல்லு என்றார். எங்கள் வீட்டில் புத்தகத்தைத் திறந்து பார்க்கத் தெரிந்த முதல் ஆள் நான்தான். அதனால் அது எனக்கு உத்தரவு மாதிரி. நூலகத்தில் தேடினேன், பெரியவர்களைக் கேட்டேன், திருமங்கலத்துக்கும் ஒரு தடவை போய் வந்தேன். அப்படிச் சேர்த்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

விஸ்வநாததாஸ் 1886 ஜூன் 16ஆம் தேதி சிவகாசியில் பிறந்தார். அப்பா பெயர் சுப்பிரமணிய பண்டிதர், அம்மா ஞானாம்பாள். பண்டிதர் என்ற பட்டத்தைக் கவனியுங்கள். எங்கள் ஆட்களில் நாட்டு வைத்தியம் பார்த்தவர்களுக்கு அந்தப் பேர் உண்டு. சவரம், வைத்தியம், பிரசவம் பார்ப்பது, கல்யாணத்துக்கு மேளம் எல்லாமே எங்கள் கையில்தான் இருந்தது. எங்க அப்பாவைப் பெற்ற பாட்டி, ஊரில் பாதிப் பேரைத் தன் கையில் ஏந்தி எடுத்தவள். அந்தப் பாதிப் பேர் வீட்டுத் திண்ணையிலும் அவள் உட்கார்ந்ததில்லை. அது இருக்கட்டும்.

சின்ன வயசிலேயே திருமங்கலத்தில் தாத்தா வீட்டுக்கு வந்துவிட்டார். பள்ளிப் படிப்பு பெரிதாக இல்லை. ஆனால் குரல் இருந்தது. பஜனையில் பாடிப் பாடி, அப்படியே நாடக மேடைக்கு வந்துவிட்டார்.

அன்றைய நாடகம் என்றால் சங்கரதாஸ் சுவாமிகள்தான். 1867இல் தூத்துக்குடியில் பிறந்து 1922இல் பாண்டிச்சேரியில் காலமானவர். வள்ளி திருமணம், பவளக்கொடி, கோவலன் என்று இன்றைக்கும் நம் ஊர்த் திருவிழாக்களில் ஓடுகிற நாடகங்கள் அவர் எழுதியவை. விஸ்வநாததாஸ் புகழ் பெற்றது இந்த நாடகங்களில்தான்.

ஸ்பெஷல் நாடகம் என்பது எப்படி நடக்கிறது என்று நம்மில் பலருக்குத் தெரியாது. யூடியூபில் பபூன் காமெடியை மட்டும் பார்த்துவிட்டுச் சிரிக்கிறோம். அதில் கம்பெனி கிடையாது. ஒத்திகை கிடையாது. ராஜபார்ட் ஒரு ஊர், ஸ்திரீபார்ட் ஒரு ஊர், ஆர்மோனியக்காரர் இன்னொரு ஊர். தனித்தனியாகப் பேசி முடித்து, அன்று சாயங்காலம்தான் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்வார்கள். ராத்திரி பத்து மணிக்குத் திரை தூக்கினால் விடிகிற வரைக்கும் தர்க்கம் பண்ணுவார்கள். எதிராளி எந்தப் பாட்டை எடுத்தாலும் பதில் பாட்டு உடனே வர வேண்டும். இன்றைக்கு முருகன், நாளைக்கு கோவலன், மறுநாள் அரிச்சந்திரன். பார்த்துப் படிக்க எழுத்தும் இல்லை, எடுத்துக் கொடுக்க ஆளும் இல்லை. நமக்கு வைவாவில் எக்ஸ்டெர்னல் நாலு கேள்வி கேட்டாலே நாக்கு ஒட்டிக்கொள்கிறது!

இன்னொன்று. நான் மைக்செட் ஆள் என்பதால் இதைச் சொல்லாமல் விட முடியாது. விஸ்வநாததாஸ் நடிக்க வந்த காலத்தில் மைக் கிடையாது. காஸ் லைட் வெளிச்சம், கால் ஆர்மோனியம், அவ்வளவுதான். கடைசி வரிசையில் தரையில் உட்கார்ந்திருக்கிற ஆளுக்கும் ஒவ்வொரு வார்த்தையும் கேட்க வேண்டும். கேட்காவிட்டால் அவன் சும்மா இருக்க மாட்டான், சத்தம் போடுவான். அதனால்தான் அந்தக் காலத்து நடிகர்கள் எல்லோரும் உச்ச சுருதியில் பாடினார்கள். செங்கோட்டை கிட்டப்பாவின் இசைத்தட்டுகளைக் கேட்டவர்களுக்குத் தெரியும். எங்கள் ஆம்ப்ளிஃபயரும் நாலு குழாயும் செய்கிற வேலையை ஒரு மனுஷன் தொண்டை செய்திருக்கிறது, அதுவும் விடிய விடிய.

இந்தத் தொண்டையை அவர் எதற்குப் பயன்படுத்தினார் என்பதுதான் விஷயம்.

1919 ஏப்ரல் 13ஆம் தேதி அமிர்தசரஸில் ஜாலியன்வாலாபாக்கில் சுட்டார்கள். அந்தக் காலத்தில் பேப்பர் படிக்கத் தெரிந்தவர்கள் எத்தனை பேர்? எங்கள் பாட்டன் பூட்டன் மாதிரி ஆட்களுக்குப் பஞ்சாப் எந்தத் திசையில் இருக்கிறது என்றே தெரிந்திருக்காது. அவர்களுக்கு அந்தச் சேதியைக் கொண்டுபோனது நாடகப் பாட்டு. மதுரகவி பாஸ்கரதாஸ் போன்றவர்கள் எழுத, மேடையில் நடிகர்கள் பாடினார்கள். பஞ்சாப் படுகொலையைப் பற்றி விஸ்வநாததாஸ் பாடும்போது ஜனங்கள் அழுதார்கள் என்று எழுதியிருக்கிறார்கள். 1921இல் காந்தி மதுரையில்தான் மேல்சட்டையை விட்டு இடுப்பு வேட்டிக்கு மாறினார். அந்தச் சூடு இந்தச் சீமை முழுக்க இருந்த நேரம். விஸ்வநாததாஸும் கதர் கட்ட ஆரம்பித்தார். மேடையில் முருகனுக்கும் கதர்தான் என்பார்கள். (1911இலேயே அவர் தூத்துக்குடியில் காந்தியைப் பார்த்தார் என்று ஒரு இடத்தில் படித்தேன். காந்தி தென்னாப்பிரிக்காவை விட்டு வந்து இறங்கியதே 1915 ஜனவரியில்தான். அதனால் அந்த வருஷத்தை நான் எடுத்துக்கொள்ளவில்லை.)

அவர் பாட்டிலேயே ரொம்பப் பிரபலமானது கொக்குப் பாட்டு. வள்ளி திருமணத்தின் கதை நமக்குத் தெரியும். தினைப்புனத்தில் பரண் மேல் நின்று வள்ளி பறவை விரட்டுகிறாள். அங்கே பறவையைப் பற்றி ஒரு பாட்டு வந்தால் யாருக்கும் வித்தியாசமாகத் தெரியாது. அதில் ஒரு வெள்ளைக் கொக்கை விட்டார். வெளிநாட்டிலிருந்து பறந்து வந்து நம்மிடம் இருப்பதைக் கொத்திக்கொண்டு போகிற கொக்கு! ஜனங்களுக்குப் புரிந்துவிட்டது. முன்னால் உட்கார்ந்திருந்த போலீசுக்கும் புரிந்துவிட்டது.

இதில் எனக்குப் பிடித்த ஒரு நுணுக்கம் உண்டு. நாடகங்களைத் தடை செய்ய வெள்ளைக்காரன் 1876இலேயே ஒரு சட்டம் போட்டு வைத்திருந்தான். எழுதி வைத்த நாடகம் என்றால் முன்கூட்டியே வாங்கிப் பார்த்துத் தடை போடலாம். ஆனால் ஸ்பெஷல் நாடகத்தில் எந்தப் பாட்டு எப்போது வரும் என்று ஆர்மோனியக்காரருக்கே தெரியாதே! முருகன் கதையைத் தடை செய்தால் ஊரே திரண்டுவிடும். அதனால் பாடுகிற வரைக்கும் காத்திருந்து, பாடியபிறகு பிடிப்பதைத் தவிர அவர்களுக்கு வேறு வழியில்லை. பாடினார், பிடித்தார்கள். வெளியே வந்தார், பாடினார், மறுபடி பிடித்தார்கள். 29 தடவை ஜெயிலுக்குப் போனார் என்று கணக்குச் சொல்கிறார்கள். ஒரு வழக்கில் அவருக்காக வாதாடியவர் வ.உ.சி. செக்கிழுத்த அதே சிதம்பரம் பிள்ளைதான்.

போலீஸ் கொடுத்த கஷ்டம் அவருக்கு மாலை மரியாதையும் வாங்கிக் கொடுத்தது. மேடைக்குள்ளேயே இருந்த கஷ்டம் வேறு. அதைப் படித்த அன்றைக்கு எனக்குத் தூக்கம் வரவில்லை.

அவரோடு ஜோடியாக நடிக்க நடிகைகள் பலர் மறுத்தார்கள். காரணம் அவருடைய சாதி. இவர் சவரத் தொழிலாளி வீட்டுப் பிள்ளை, இவர் கையால் மாலை வாங்குவதா என்று. நண்பர்களே, நாடகத்தின் கதையை யோசித்துப் பாருங்கள். வள்ளி வேடன் வீட்டில் வளர்ந்த பெண். முருகன் சாமி. அந்தச் சாமி வேடனாக வந்து, விருத்தனாக வந்து, கெஞ்சிக் கூத்தாடி அவளைக் கல்யாணம் பண்ணிக்கொள்கிறார். சாதி கிடையாது என்று விடிய விடிய சொல்கிற கதை. அந்தக் கதையில் நடிக்க வந்த இடத்தில் சாதி பார்த்திருக்கிறார்கள்!

கோபம் வந்தது. பிறகு கொஞ்சம் யோசித்தேன். அந்த நடிகைகளை மட்டும் என்ன சொல்வது? அந்தக் காலத்தில் நடிக்க வந்த பெண்ணுக்கே ஊரில் மரியாதை கிடையாது. தன்னைக் கீழே வைத்தவர்கள் மத்தியில், தனக்கும் கீழே ஒருத்தர் வேண்டியிருக்கிறது போல.

அப்படி இல்லாதவர்களும் இருந்தார்கள். அதில் ஒருவர் பெயரை எங்க அப்பாவுக்கு மனப்பாடமாகச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். கே.பி. ஜானகி அம்மாள். 1917இல் மதுரையில் பிறந்து, பன்னிரண்டு வயசில் நாடகக் கம்பெனியில் சேர்ந்தவர். மற்றவர்கள் மறுத்தபோது விஸ்வநாததாஸோடு மேடை ஏறியவர். புகழின் உச்சியில் இருந்த நடிகை அவர். அவருக்கு நஷ்டம் வந்திருக்கலாம், கவலைப்படவில்லை. அவரும் தேசப் பாட்டுப் பாடினார், யுத்த எதிர்ப்புப் பிரசாரத்துக்காக ஜெயிலுக்குப் போனார், பின்னாளில் கம்யூனிஸ்ட் தலைவரானார். 1967இல் மதுரை கிழக்கில் எம்.எல்.ஏ. ஆனார். 1992இல் காலமானார். அவர் கதையை எழுதினால் அடுத்த வருஷ மலருக்கு ஆகும்.

இந்த இடத்தில் என்னைப் பற்றியும் ஒன்று சொல்லிவிடுகிறேன். மறைத்தால் இந்தக் கட்டுரையை எழுதியதற்கே அர்த்தமில்லை. டிப்ளமோவில் சேர விண்ணப்பம் எழுதும்போது தந்தையின் தொழில் என்ற இடத்தில் நான் சுயதொழில் என்று எழுதினேன். பொய் இல்லைதான். எட்டாவது படிக்கும்போது ஒருத்தன் என் தலையைத் தடவி, எனக்கு எப்போ வெட்டிவிடுவே என்று கேட்டது ஞாபகத்தில் இருந்தது. பக்கத்தில் நின்ற அப்பா, அந்த இடத்தில் என்ன எழுதினாய் என்று கேட்டார். படித்துக் காட்டினேன். சரி என்றார். அவ்வளவுதான். திரும்பி வரும்போது பஸ்ஸில் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தார்.

விஸ்வநாததாஸ் தன் சாதியை மறைக்க நினைத்திருந்தால் முடிந்திருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது. வேஷம் போடுவதுதானே அவர் தொழில்! பெரிய ஊர்களில் போய் வேறு கதை சொல்லியிருக்கலாம். செய்யவில்லை. யாரென்று தெரிந்தே கூப்பிட்டார்கள், யாரென்று தெரிந்தே மறுத்தார்கள், இவரும் அதே ஆளாகவே மேடை ஏறினார்.

பணம் அவரிடம் தங்கவில்லை. ஜெயில் செலவு, வழக்குச் செலவு, உள்ளே இருக்கும்போது நாடகம் கிடையாது. திருமங்கலத்து வீடு கடனில் மூழ்கியது. 1939 செப்டம்பரில் உலக யுத்தம் ஆரம்பித்தது. வெள்ளைக்கார சர்க்காருக்கு ஆள் பிடிக்கவும் பணம் சேர்க்கவும் ஜனங்களை வசப்படுத்துகிற குரல் தேவைப்பட்டது. யுத்தத்துக்கு ஆதரவாகப் பாடு, வீட்டுக் கடனை அடைத்துத் தருகிறோம் என்று அவருக்குத் தூது வந்தது என்றும், அவர் மாட்டேன் என்று சொல்லிவிட்டார் என்றும் சொல்வார்கள். வீடு போகிற நிலையில் குடும்பத்தைக் கேட்டாரா, அவர்கள் என்ன சொன்னார்கள் என்று எங்க அம்மா கேட்டார். நான் படித்த எதிலும் அந்த வீட்டுப் பெண்கள் பேசவே இல்லை. எங்க அம்மாவுக்கு அது ஒரு குறைதான்.

1940 டிசம்பர் 31. சென்னை ராயல் தியேட்டரில் வள்ளி திருமணம். விஸ்வநாததாஸுக்கு 54 வயசு. உடம்பு ஏற்கெனவே தளர்ந்திருந்தது. முருகனாக மயில் மேல் அமர்ந்து திரை விலகியதும் பாட ஆரம்பித்தார். பாடிக்கொண்டிருக்கும்போதே குரல் நின்றது. தலை சாய்ந்தது. நடிப்பு என்றுதான் முதலில் நினைத்திருப்பார்கள். மயில் மேலேயே உயிர் போயிருந்தது. மறுநாள் 1941ஆம் வருஷத்தின் முதல் நாள். முருகன் வேஷத்தைக் கலைக்காமலே சென்னைத் தெருக்களில் ஊர்வலமாக எடுத்துப் போனார்கள் என்று சொல்கிறார்கள். சொந்த மண்ணுக்கு அவர் உடல் வரவில்லை. சுதந்திரம் வர இன்னும் ஆறரை வருஷத்துக்கு மேல் இருந்தது.

அவருடைய வீடு இப்போது அரசு நினைவு இல்லமாக இருக்கிறது. அதைப் பார்க்கத்தான் நானும் அப்பாவும் ஒரு ஞாயிற்றுக்கிழமை திருமங்கலம் போனோம். தேனியிலிருந்து உசிலம்பட்டி, அங்கிருந்து வேறு பஸ். அப்பா வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு வெளியேயே நின்றார். உள்ளே வாப்பா, இது பொது இடம் என்று சொன்னேன். யார் வீட்டு வாசலிலும் அப்படி நின்றே பழகிய மனுஷன். பிறகு வந்தார். ரொம்ப நேரம் ஒன்றும் பேசாமல் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். காது ஓரத்தில் கிருதா எவ்வளவு சுத்தமாக எடுத்திருக்கான் பாரு என்றார், அவ்வளவுதான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

இந்த வருஷம் உதவித்தொகை விண்ணப்பம் மறுபடி எழுத வேண்டி வந்தது. தந்தையின் தொழில் என்ற இடத்தில் முடிதிருத்துதல் என்று எழுதினேன். கை கொஞ்சம் நடுங்கியது என்பதையும் சேர்த்தே சொல்கிறேன்.

விஸ்வநாததாஸ் படம் ஒன்றை ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்தேன். அப்பா அதைக் கண்ணாடி போட்டுக் கடையில் மாட்டியிருக்கிறார், ரஜினிக்கும் விஜய்க்கும் நடுவில். நாற்காலியில் உட்கார்ந்தவர்கள் இது யாரு என்று கேட்காமல் இருப்பதில்லை. அப்பாவும் கத்தரியை நிறுத்திவிட்டுக் கதையை ஆரம்பித்துவிடுகிறார். பாதி வெட்டிய தலையோடு ஆள் உட்கார்ந்திருக்க வேண்டியதுதான். ஜெயிலுக்குப் போனது 30 தடவை என்கிறார். 29தான்ப்பா என்று எத்தனை தடவை திருத்தினாலும் கேட்பதில்லை.

— மூன்றாம் ஆண்டு, மின்னியல் துறை